ஐஸ்பெட்டியில் அறுநூறு புத்தகம்

முத்துமாரி அந்தத் தாளைச் சுவரில் ஒட்டிய அன்று தேனப்பன் சிரித்த சிரிப்பு செக்காலை ரோட்டு முக்கு வரைக்கும் கேட்டிருக்கும்.

“ஏம்மா முத்துமாரி, குடிக்கிற தண்ணிக்கு லாரியை எதிர்பாத்துக்கிட்டு நிக்கிற ஊரு இது. இங்குட்டு வெள்ளம் வரப்போகுதாக்கும்?”

“வரும்னு எழுதலைங்கய்யா. வந்தா என்ன செய்யணும்னுதான் எழுதியிருக்கேன்.”

“அப்ப புலி வந்தா என்ன செய்யணும்னும் ஒரு தாளு எழுதி ஒட்டிரு.”

கூட வந்தவர்களும் சிரித்தார்கள். பெரிய மனிதர் சிரித்தால் பக்கத்தில் நிற்கிறவருக்கும் சிரிப்பு வரத்தானே செய்யும்! முத்துமாரி தாளின் நாலாவது மூலைக்கும் பசை தடவி அழுத்திவிட்டாள்.

வாசகசாலை தேனப்பன் குடும்பத்து அறக்கட்டளையுடையது. அவர்களுடைய பெரிய வீட்டு முகப்பை ஒட்டி, இடது கைப் பக்கம் இருக்கிற நீள ஹால்தான் அதற்கு இடம். ஆறாயிரத்துச் சொச்சம் புத்தகங்கள். காலையில் பரீட்சைக்குப் படிக்கிற பிள்ளைகள், மத்தியானம் பேப்பர் பார்க்கிற ஆட்கள், சாயங்காலம் பள்ளிக்கூடம் விட்டு வருகிற வாண்டுகள் என்று நாற்காலி காலியாக இருக்காது. பதினோரு வருஷமாக முத்துமாரிதான் நூலகர். போன ஆனியில் மதுரைக்கு இரண்டு நாள் பயிற்சிக்குப் போனாள். தீயோ தண்ணீரோ பட்டால் புத்தகங்களை எப்படி மீட்பது என்று அங்கே சொல்லிக்கொடுத்தார்கள். ஊர் திரும்பிய கையோடு உட்கார்ந்து ஒன்பது வரி எழுதினாள்.

மாதம் ஒருமுறை முற்றத்துத் தண்ணீர் வடிகிற தூம்பைப் பார்க்க வேண்டும் என்பது முதல் வரி. நனைந்த புத்தகத்தை வெயிலில் போடக் கூடாது, பலவந்தமாகத் திறக்கக் கூடாது என்பது நாலாவது. எந்தச் சாமான் யாரிடம் கிடைக்கும் என்ற விவரத்தில், ஏழாவது வரியாக, ‘ஐஸ்பெட்டி இரண்டு: காளிராஜ் கேட்டரிங்’ என்று எழுதியிருந்தாள்.

காளிராஜ் அவள் புருஷன். கல்யாணச் சமையல் காண்ட்ராக்டர். அவனிடம் அவள் ஒரு வார்த்தை கேட்கவில்லை. புருஷன்தானே, தேவைப்படும்போது சொல்லிக்கொள்ளலாம் என்று விட்டுவிட்டாள்.

ஐப்பசிக் கடைசி வாரத்தில் தேனப்பனுக்கு அறுபதாம் கல்யாணம். வெள்ளிக்கிழமை முகூர்த்தம். வீட்டுக்கு வெள்ளையடித்து, முற்றத்துக்குப் புதிதாகப் பூவேலை போட்ட ஆத்தங்குடித் தரைக்கல் பதித்து, வாசலில் பந்தலும் போட்டாகிவிட்டது. காளிராஜுக்குத்தான் சமையல். பின்கட்டில் கோட்டை அடுப்பு போட்டு, இரண்டு ஐஸ்பெட்டியையும் வேனில் கொண்டுவந்து இறக்கியிருந்தான். திங்கட்கிழமை சாயங்காலம் ஐந்து மணிக்குப் பிடித்த மழை விடிகிற வரைக்கும் விடவில்லை. அப்படி ஒரு மழையை அந்த ஊர் முப்பது வருஷமாகப் பார்த்ததில்லை என்றார்கள்.

செவ்வாய்க்கிழமை காலையில் முத்துமாரி வந்து சேர ஒன்பது மணியாகிவிட்டது. வழியெல்லாம் தண்ணீர். சேலையைத் தூக்கிச் செருகிக்கொண்டு வந்தவள் ஹால் வாசற்படியில் நின்றாள். உள்ளே முழங்கால் அளவுக்குச் செம்மண் தண்ணீர் கிடந்தது. எல்லா அலமாரியிலும் கீழ்த்தட்டு இரண்டும் முழுகிவிட்டன. ஊறி உப்பிய புத்தகங்கள் தட்டில் இறுகிப்போயிருந்தன. நாலைந்து சிறுவர் கதைப் புத்தகங்கள் மிதந்து வந்து அவள் காலில் இடித்தன.

“அடி ஆத்தி!” என்றாள். கண்ணில் தண்ணீர் முட்டிக்கொண்டு வந்தது.

“அழுவாத முத்துமாரி, நான் என்னால ஆனதைக் காப்பாத்திட்டேன்!” என்று மாடிப்படியில் இருந்து ஒரு குரல் வந்தது. பிச்சையம்மாள். வாசகசாலையைக் கூட்டிப் பெருக்குகிறவள். சாவி அவளிடம்தான் இருக்கும். “காலையில ஆறு மணிக்கே வந்துட்டேன். வெயிலு சுள்ளுன்னு அடிக்குதுல்ல? ஒசக்க வந்து பாரு.”

வெயில் என்ற சொல் காதில் விழுந்ததும் முத்துமாரி ஓடினாள். இரண்டிரண்டு படியாகத் தாண்டி ஏறினாள்.

மொட்டை மாடியில் வெள்ளை வேட்டி விரித்து, அதன்மேல் புத்தகங்களை வரிசையாகத் திறந்து போட்டு, காற்றில் புரளாமல் இருக்கப் பக்கத்துக்குப் பக்கம் கூழாங்கல் வைத்திருந்தாள் பிச்சையம்மாள். அந்த ஊரில் எது நனைந்தாலும் மாடிக்குக் கொண்டுபோய் வத்தல் போல் காயவைப்பதுதான் வழக்கம். நல்ல கைராசிக்காரி. அவள் போடுகிற மோர்மிளகாயைச் சிங்கப்பூர் வரைக்கும் கொடுத்து அனுப்புவார்கள். எது பார்க்க நன்றாக இருக்கிறதோ அதை முதலில் காப்பாற்றுவோம் என்று அட்லஸ், படக்கதை, வழவழப்பான தாளில் அச்சடித்த புத்தகங்களாகப் பார்த்து ஏற்றியிருந்தாள். வெயிலில் அட்டைகள் வளைந்துவிட்டன. வழவழத் தாள்கள் ஒன்றோடொன்று ஒட்டி, செங்கல் மாதிரி ஆகிவிட்டன. முத்துமாரி ஒன்றை எடுத்துப் பிரிக்கப் பார்த்தாள். படத்தோடு கிழிந்து வந்தது.

“பிச்சையக்கா, வெயில்ல போடக் கூடாதுன்னு நாலாவது வரியில கொட்டை எழுத்துல எழுதியிருக்கேனேக்கா!”

பிச்சையம்மாள் கூழாங்கல்லைக் கையில் வைத்தபடி நின்றாள். “எனக்கு எழுத்துத் தெரியாதுல்ல, ஆத்தா” என்றாள்.

முத்துமாரிக்கு நாக்கைப் பிடுங்கிக்கொள்ளலாம் போல இருந்தது. சாவி வைத்திருக்கிறவள் இவள். முதலில் வந்து கதவைத் திறக்கிறவள் இவள். இவளிடம் ஒருநாள்கூட அந்த ஒன்பது வரியை வாய்விட்டுப் படித்துக் காட்டவில்லை. ஒட்டியதோடு வேலை முடிந்தது என்று இருந்துவிட்டாள். தப்பு யாருடையது? பிச்சையம்மாளின் தோளைப் பிடித்துக்கொண்டு, “எம்மேல தப்புக்கா. உன்கிட்ட நான் சொல்லாமப் போயிட்டேன். இப்பச் சொல்றேன், கேட்டுக்க” என்று அந்த மாடியிலேயே நின்று ஒன்பது வரியையும் ஒப்பித்தாள். பிச்சையம்மாள் ஒவ்வொன்றுக்கும் தலையாட்டினாள்.

“முதல் வரி தூம்புன்னியே. தூம்பு எங்குட்டு இருக்கு? காங்கலையே” என்றாள் கடைசியில்.

அதுதான் கேள்வி. அந்த வீடுகளில் கூரைத் தண்ணீர் மொத்தமும் முற்றத்தில் விழுந்து, மூலைத் தூம்பு வழியாகத் தெருவோர வாய்க்காலுக்குப் போய் ஊரணியில் சேரும்படிதான் கட்டியிருப்பார்கள். எத்தனை மழை பெய்தாலும் முற்றத்தில் தண்ணீர் நிற்காது. நின்றால் பக்கத்து ஹாலுக்குள் ஏறிவிடும். முத்துமாரி கடப்பாறையை எடுத்துக்கொண்டு முற்றத்துத் தண்ணீரில் இறங்கி, ஈசானி மூலையில் குத்திப் பார்த்தாள். டங்கென்று கேட்டது. போன மாதம் அவள் பார்த்தபோது தூம்பு இருந்த இடத்தில் புத்தம்புது ஆத்தங்குடிக் கல்.

அதற்குள் தேனப்பனும் அவர் மனைவி நாச்சியம்மை ஆச்சியும் முற்றத்தைச் சுற்றிய வளவுக்கு வந்துவிட்டார்கள்.

“ஐயா, இங்கெ இருந்த தூம்பு எங்கெ?”

தேனப்பன் துண்டை எடுத்து முகத்தைத் துடைத்தார். “கல்லுப் பதிச்சப்ப மூடச் சொன்னேன். பூவேலை அந்த மூலையில மட்டும் வெட்டுப்படுது. போட்டோவுக்கு நல்லா இருக்காதுன்னு…”

“போட்டோவுக்கு” என்றார் ஆச்சி. அந்த ஒரு சொல்தான். அதைச் சொன்ன விதத்தில் தேனப்பன் இரண்டு அடி பின்னால் நகர்ந்தார்.

முத்துமாரி அனுமதி கேட்கவில்லை. கடப்பாறையை ஓங்கி நாலு போடு போட்டாள். கல் உடைந்தது. களக் களக் என்று தண்ணீர் சுழித்துக்கொண்டு இறங்கியது. அரை மணி நேரத்தில் ஹாலில் தரை தெரிந்தது.

தப்புச் செய்தவருக்குத்தானே சத்தம் அதிகம் வரும்! தேனப்பன் ஹாலை எட்டிப் பார்த்து மூக்கைச் சுளித்தார். “போனது போச்சு. தலைக்கு மேல வெள்ளம் போனா சாண் என்ன, முழம் என்ன? எல்லாத்தையும் அள்ளிப் பழைய பேப்பர்காரன்கிட்டப் போட்டுருவோம். இந்த ஹாலை ரெண்டு ரூமாத் தடுத்தா, வீடு பாக்க வர்ற வெளிநாட்டுக்காரவுக தங்குவாக.”

“தலைக்கு மேல போகலைங்கய்யா. முழங்காலுக்குத்தான் வந்துச்சு. மாடியில போனது போக, நனைஞ்சது ஆயிரத்து நூறு இருக்கும். எனக்கு நாளு குடுங்க, மீட்டுருவேன்.”

“வெள்ளிக்கிழமை எழுநூறு பேரு வாராக. வந்தவுக இந்த வாசல்ல மூக்கைப் பொத்திக்கிட்டுப் போனாகன்னா, சனிக்கிழமை கதவைச் சாத்திருவேன். பாத்துக்க.”

“மூக்கைப் பொத்தலைன்னா?”

“பொத்தலைன்னா உன் வாசகசாலை உன்கிட்ட. நான் இனிமே வாயைத் திறக்கலை.”

ஊறிய தாளில் இரண்டு மூன்று நாளில் பூஞ்சணம் பிடித்துவிடும். பிடித்தால் நாற்றம்; நாற்றம் வந்தால் கதவுக்குப் பூட்டு. அத்தனை புத்தகத்தையும் மூன்று நாளில் உலர்த்த எந்தக் கொம்பனாலும் முடியாது. ஆனால் குளிரில் உறையவைத்துவிட்டால் பூஞ்சணம் அண்டாது. பிறகு ஆற அமர, கொஞ்சம் கொஞ்சமாக எடுத்து உலர்த்தலாம். அதற்குத்தான் ஏழாவது வரி. முத்துமாரி பின்கட்டுக்குப் போனாள்.

காளிராஜ் தேங்காய் மூட்டையை எண்ணி இறக்கிக்கொண்டிருந்தான்.

“ஏங்க, அந்த ரெண்டு ஐஸ்பெட்டியும் எனக்கு வேணும்.”

“எதுக்கு?”

“புத்தகம் வைக்க.”

காளிராஜ் அவள் நெற்றியில் புறங்கையை வைத்துப் பார்த்தான். “காய்ச்சல் ஒண்ணும் இல்லையே. ஏத்தா, எழுநூறு பேருக்கு ஐஸ்கிரீம் அடுக்கி வச்சிருக்கேன் அதுல. சாப்பாட்டுச் சாமான் வைக்கிற பெட்டியில சாக்கடைத் தண்ணியில முங்குன புத்தகமா?”

“நல்ல தண்ணியில அலசி, பட்டர் பேப்பர்ல சுத்தி, பையில போட்டுத்தான் வைப்பேன். அப்புறம் வெந்நீர் ஊத்தி நானே கழுவித் தாரேன்.”

“ஐஸ்கிரீமை எங்குட்டுக் கொண்டுபோயி வைக்க? உன் தலையிலயா? முடியாதுத்தா.”

“தாள்ல உங்க பேரை எழுதி அஞ்சு மாசமாச்சு.”

“என் பேரையா? என்னைக் கேக்காமலா?” காளிராஜுக்குக் குரல் ஏறிவிட்டது. “இந்த ஒரு விருந்து கெட்டுப்போச்சுன்னா காரைக்குடியில ஒரு வீட்டுல என்னை அடுப்புப் பத்தவைக்க விடுவாகளா? நீ எனக்கு வாக்கப்பட்டியா, அந்த அலமாரிக்கு வாக்கப்பட்டியா?”

முத்துமாரிக்கும் பொறுக்கவில்லை. “பொட்டப்புள்ளைக பதினெட்டுப் பேரு அங்கெ உக்காந்து படிச்சு வேலைக்குப் போயிருக்குதுக. உங்க தங்கச்சி யாரு? எந்த நாற்காலியில உக்காந்து படிச்சு தாலுகாபீஸ் போனா? அந்தக் கதவைச் சாத்தப்போறாகங்க! உங்களுக்கு ஐஸ்கிரீம் பெருசாப் போச்சு!”

அடுப்படி ஆட்கள் காய் நறுக்குவதை நிறுத்திவிட்டுப் பார்த்தார்கள்.

“காளிராஜு, அந்த ஐஸ்கிரீமை யாரு கேட்டது?”

திரும்பினால் நாச்சியம்மை ஆச்சி. இவ்வளவு நேரமும் நிலைப்படியில் நின்று கேட்டுக்கொண்டிருந்திருக்கிறார்.

“ஐயாதான் சொன்னாகங்க ஆச்சி.”

“அவுகதான் தூம்பையும் மூடச் சொன்னாக.” ஆச்சி முந்தானையைச் செருகிக்கொண்டு உள்ளே வந்தார். “எங்க வீட்டுத் தப்புனால முங்குன புத்தகம். இனிப்புக்குக் கவுனியரிசி இருக்கு, பால்பணியாரம் இருக்கு. அதைத் தின்னுட்டும் வயித்துல இடமிருக்கிறவுக வீட்டுல போயி ஐஸ்கிரீம் திங்கட்டும். பெட்டியைக் காலி பண்ணு.”

“எழுநூறு கப்பு ஆச்சி! என்ன செய்ய?”

“தெருவைக் கூப்பிடு.”

அன்றைக்குக் காலை பதினொரு மணிக்கு அந்தத் தெருவே ஐஸ்கிரீம் தின்றது. மழைக்குப் பள்ளிக்கூடம் லீவு. பிள்ளைகளுக்குச் சொல்லவா வேண்டும்? தின்றவர்களை முத்துமாரி சும்மா அனுப்பவில்லை. கப்பைக் கீழே போட்ட கையில் ஒரு புத்தகத்தைக் கொடுத்தாள்.

அடுத்து நடந்த வேலை இருக்கிறதே, கல்யாண வேலை அதனிடம் பிச்சை வாங்க வேண்டும். கிணற்றடியில் மூன்று அண்டா நிறையத் தண்ணீர். மூடியபடியே புத்தகத்தை முதல் அண்டாவில் அலசி, இரண்டாவதில் அலசி, மூன்றாவதில் முக்கி எடுத்துக் கைகளால் மெதுவாக அழுத்தி நீரை வடித்தார்கள். அடுத்த வரிசை பட்டர் பேப்பரில் சுற்றியது. வாசகசாலையில் படித்துக்கொண்டிருந்த சுபா என்ற பெண், குரூப் தேர்வுக்கு இன்னும் இருபது நாள் வைத்துக்கொண்டு, ஒவ்வொரு பொட்டலத்துக்கும் நம்பர் எழுதி நோட்டில் ஏற்றினாள். காளிராஜ் கொஞ்ச நேரம் முறைத்துக்கொண்டு நின்றான். பிறகு, “அப்படி அடுக்குனா பாதி இடம் வீணாப் போகும், தள்ளு” என்று தானே வந்து, புத்தகத்தின் முதுகு கீழே வரும்படி நெருக்கி அடுக்க ஆரம்பித்தான். முந்நூறு இடியாப்பத் தட்டை ஒரு வேனில் அடுக்குகிறவன் அல்லவா? சாயங்காலம் நாலு மணிக்கு இரண்டு பெட்டியிலுமாக அறுநூறு புத்தகங்கள் உறைய ஆரம்பித்தன.

மிச்சம் ஐந்நூறு. ஓரம் மட்டும் நனைந்தவை, மேல்தட்டில் ஈரம் ஏறியவை. அவற்றை வெளியிலேயே உலர்த்த வேண்டும். பக்கங்களுக்கு நடுவில் வைக்க ஈரம் குடிக்கிற வெறுந்தாள் வேண்டும். அச்சடித்த பேப்பரை வைத்தால் மை ஒட்டிக்கொள்ளும். ஊரெங்கும் தேடினாலும் அத்தனை வெள்ளைத் தாள் கிடைக்காது. முத்துமாரி இடுப்பில் கையை வைத்துக்கொண்டு நின்றாள்.

“இது ஆகுமா பாரு” என்று ஒரு ரோலைத் தூக்கிக்கொண்டு வந்தான் காளிராஜ். பந்தி மேசையில் இலைக்கு அடியில் விரிக்கிற வெள்ளைப் பேப்பர். “பிளாஸ்டிக் இல்லாதது. சாம்பாரு கொட்டுனா உறிஞ்சிக்கிரும்.”

முத்துமாரி ஒரு துண்டு கிழித்துத் தண்ணீரில் வைத்துப் பார்த்தாள். சட்டென்று குடித்தது. “எத்தனை ரோலு இருக்கு?”

“பன்னெண்டு. பந்திக்கு மேசையைத் துடைச்சுட்டு வெறும் இலையைப் போட்டுக்கிறலாம். ஆச்சி என்ன சொல்லப்போறாக?”

“உங்க பேரு தாள்ல இன்னொரு வரியிலயும் ஏறுது” என்றாள். அப்போதுதான் இரண்டு பேரும் சிரித்தார்கள்.

வீட்டின் நடுவில் இருக்கிற இரண்டாங்கட்டில் வெயில் படாது. நாலு பக்கமும் காற்று வரும். பந்தி மேசைகளில் பதினாறை வரிசையாகப் போட்டு, புத்தகங்களை விசிறி போல் நிறுத்திவைத்து, கல்யாணத்துக்கு வந்த பெரிய காற்றாடிகளைச் சுவரைப் பார்த்துத் திருப்பி ஓடவிட்டார்கள். அங்கே அதிகாரம் முழுக்கப் பிச்சையம்மாளுடையதாகிவிட்டது. எது காய்ந்தது, எது பச்சையாக இருக்கிறது என்று விரல் நுனியால் தொட்டே சொன்னாள். வத்தல் போட்ட கை அது. மணிக்கொரு தரம் தாள் மாற்ற வேண்டும். அவள் பத்துப் பெண்களை நிற்கவைத்து விரட்டினாள்.

“ஏய், இழுக்காதடி! அது என்ன சீலையா? தாளு தானா விடணும். காத்தாடியை நேரா வைக்காத, பக்கம் பிச்சுக்கிரும். ஆறாவது வரி என்ன? ஈரத்தாளைத் தரையில போடாத, குப்பைக்கூடைக்குப் போயிரணும். எத்தனை தடவைடி சொல்றது!”

“அக்கா, நேத்துத்தானே நீயே கேட்டுக்கிட்ட?” என்றாள் சுபா.

“நேத்துக் கேட்டா என்ன, மறந்தா போச்சு? உன்னைய மாதிரி நோட்டுல எழுதி வச்சுக்கிட்டா பரீட்சைக்குப் போவேன்?”

புதன், வியாழன் இரண்டு நாளும் இப்படியே போயின. ஹால் தரையைச் சோப்புப் போட்டுத் தேய்த்து, சன்னல் அத்தனையும் திறந்துவிட்டார்கள். முத்துமாரிக்கு முதுகு விட்டுப்போயிற்று. விரல்கள் ஊறி வெளுத்துவிட்டன. ஆனாலும் அரை மணிக்கு ஒரு தரம் ஏதாவது ஒரு புத்தகத்தைத் தூக்கி முகர்ந்து பார்த்துக்கொண்டே இருந்தாள்.

வெள்ளிக்கிழமை. நாதஸ்வரம், பன்னீர், பட்டுச்சேலை என்று வீடு அமளிப்பட்டது. முகூர்த்தம் முடிந்து கும்பிட்டு எழுந்தவர்கள் பந்திக்கு இரண்டாங்கட்டைத் தாண்டித்தான் போக வேண்டும். அங்கே பதினாறு மேசையில் ஐந்நூறு புத்தகங்கள் வரிசை பிடித்து நின்றன. கல்யாண வீட்டில் சீர்ச் சாமான் பரப்பியிருந்தால் அந்த ஊர்க்காரர்களுக்குச் சும்மா தாண்டிப்போக வராது. நின்று, கைகட்டி, ஒவ்வொரு வரிசையாகப் பார்த்தார்கள்.

“என்ன நாச்சி, அறுபதாம் கல்யாணத்துக்குப் புத்தகமா சீரு?” என்று தேவகோட்டையிலிருந்து வந்த சம்பந்தி ஆச்சி கேட்டார்.

முத்துமாரி தூணோரமாக நின்றுகொண்டிருந்தாள். அவள் யாருடைய முகத்தையும் பார்க்கவில்லை. மூக்கை மட்டும்தான் பார்த்தாள். எழுநூறு மூக்கு. ஒரு கை, ஒரே ஒரு கை மூக்குக்குப் போனால் தீர்ந்தது.

மாலையும் கழுத்துமாகத் தேனப்பன் வந்தார். முதல் மேசைக்கு முன்னால் நின்றார். ஒரு தடித்த புத்தகத்தை எடுத்து, விரித்து, அதற்குள் மூக்கை நுழைத்தார். சத்தம் கேட்க இழுத்து மூச்சு வாங்கினார். இரண்டாங்கட்டே அவரைப் பார்த்தது. இன்னொன்றை எடுத்தார். மூன்றாவதையும் எடுத்தார்.

“கவுனியரிசி வாசம்தான் வருது” என்றார்.

முத்துமாரி தூணோரத்திலிருந்து வெளியே வந்தாள். ஜெயித்துவிட்டோம் என்று அவளுக்குக் கத்த வேண்டும் போல இருந்தது. பிச்சையம்மாள் நிஜமாகவே குலவை போட்டுவிட்டாள். மேளக்காரர் முகூர்த்தம் மறுபடியும் வந்துவிட்டதோ என்று ஒரு தட்டுத் தட்டினார்.

தேனப்பன் அதோடு நிற்கவில்லை. சம்பந்திகளைக் கூட்டிக்கொண்டுபோய்ச் சுவரில் இருந்த தாளைக் காட்டினார். “எங்க வாசகசாலையில இதுக்குன்னே ஒரு திட்டம் இருக்குதுல்ல? ஒம்பது வரி. மழைக்கு முன்னாடியே எழுதி ஒட்டிட்டோம். வேற எங்கெயும் பாத்திருக்க மாட்டீக.”

“ஒட்டிட்டோமாம்ல!” என்று பல்லைக் கடித்தான் காளிராஜ்.

“விடுங்க” என்றாள் முத்துமாரி. “இனிமே அவரால அதைக் கிழிக்க முடியாதுல்ல.”

ஐஸ்பெட்டிப் புத்தகங்களை வாரத்துக்கு நூற்றைம்பதாக எடுத்து உலர்த்தி முடிக்கக் கார்த்திகை பிறந்து மூன்று வாரமாயிற்று. மொத்தத்தில் நாற்பத்தொன்றுதான் போயின. எல்லாம் மாடி வெயிலில் காய்ந்தவை. பிச்சையம்மாள் அதில் ஒரு அட்லஸைக் கேட்டு வாங்கி, மறந்துபோகாமல் இருக்க என்று சாவி மாட்டுகிற ஆணிக்குக் கீழே வைத்துக்கொண்டாள். முற்றத்தின் ஈசானி மூலையில் தூம்பு திறந்தே இருக்கிறது. பூவேலை அங்கே வெட்டுப்பட்டுத்தான் நிற்கிறது. சுபா தேர்வு எழுதிவிட்டு வந்து, புத்தகத்துக்கு நம்பர் போட்டதில் கையெழுத்து வேகம் கூடிவிட்டது என்று சொன்னாள். கதவு எப்போதும்போல ஒன்பது மணிக்குத் திறந்தது.

அந்த மாதக் கடைசியில் முத்துமாரி ஒரு வளைகாப்புக்காகக் கல்லலுக்குப் போயிருந்தாள். மத்தியானம் வானம் கருத்துக்கொண்டு வந்தது. முதல் தூறல் விழுந்ததும் போன் அடித்தது. தேனப்பன்.

“முத்துமாரி, இங்குட்டு மழை பிடிச்சிருச்சு. தூம்பு பாத்துட்டேன், தண்ணி நல்லாப் போகுது.” மூச்சு வாங்கியது அவருக்கு. பின்னால் பிச்சையம்மாளின் குரல் கேட்டது: “ஐயா, பேசிக்கிட்டே நிக்காதீக! கீழ்த்தட்டுல இன்னும் ரெண்டு வரிசை கெடக்கு. வேட்டியை மடிச்சுக் கட்டிக்கிட்டு வாங்க!”

“இந்தா வாரேன், வாரேன்” என்று அவளுக்குப் பதில் சொல்லிவிட்டு, “கீழ்த்தட்டை ஒசக்க ஏத்திக்கிட்டு இருக்கோம். காளிராஜுகிட்டப் பெட்டிக்குச் சொல்லிட்டேன். வேற என்ன செய்யணும், சொல்லு” என்றார்.

“வேற ஒண்ணும் வேணாங்கய்யா” என்றாள் முத்துமாரி. “புலி வந்தா மட்டும் கூப்பிடுங்க.”

போனில் தேனப்பன் சிரித்த சிரிப்பு, வளைகாப்பு வீட்டுக் கூடத்தில் இருந்தவர்கள் எல்லோருக்கும் கேட்டது.